அவள் தேதி கேட்டாள்

நீங்கள் பொய் எழுதுகிறீர்கள்.

பரோல் விசாரணை அறிக்கையில் "மனைவிக்கு ஆட்சேபணை இல்லை" என்று ஒரு வரி எழுதுகிறீர்களே, அதைத்தான் சொல்கிறேன். போன மாதம் நன்னடத்தை அலுவலர்கள் பயிற்சி வகுப்பில் பேச என்னைக் கூப்பிட்டீர்கள். ஓய்வு பெற்ற கிழவன் நாலு பழைய கதை சொல்லுவான், சால்வை போட்டு அனுப்பிவிடலாம் என்று நினைத்திருப்பீர்கள். வகுப்பு தொடங்கும்வரை சும்மா இருக்க முடியாமல் மேஜைமேல் மாதிரிக்கு வைத்திருந்த அறிக்கைகளைப் புரட்டினேன். எல்லாவற்றிலும் அந்த வரி இருந்தது. திருடிவிட்டு உள்ளே போனவனுக்கும் அதே வரி, பெண்டாட்டியின் மண்டையை உடைத்துவிட்டு உள்ளே போனவனுக்கும் அதே வரி. மண்டை உடைத்தவனின் அறிக்கையை எழுதிய இளம் அதிகாரி பக்கத்திலேயே நின்றிருந்தார்.

"அந்தப் பொண்ணை எங்க வச்சுக் கேட்டீங்க?" என்றேன்.

"வீட்லதான் சார்."

"கூட யார் இருந்தாங்க?"

"மாமியார், மச்சினர், அப்புறம் வார்டு மெம்பர். எல்லாரையும் வச்சுத்தான் சார் கேட்டேன், பின்னாடி பிரச்சனை வரக் கூடாதுன்னு."

அதற்குப் பிறகு வகுப்பில் என்ன பேசினேன் என்று எனக்குச் சரியாக நினைவில்லை. கத்தினேன் என்று சொன்னார்கள். கத்தியதை எழுதிக் கொடுக்க முடியுமா என்று கேட்டார்கள். இதோ எழுதுகிறேன். அந்த வரியை உங்களுக்கு முன்னால் எழுதியவன் நான். ஒரு பெண் அதனால் செத்தாள்.

நான் நன்னடத்தை அலுவலராக வேலைக்குச் சேர்ந்த காலத்தில் தஞ்சாவூர் ஜில்லா கொதித்துக்கொண்டிருந்தது. கழக ஆட்சி வந்து சில வருஷங்கள்தான் ஆகியிருந்தன. கூலித் தொழிலாளிகள் காலங்காலமாகக் குடிசை போட்டிருந்த மனைகளை அவர்கள் பேருக்கே பட்டா போட்டுக் கொடுக்கச் சட்டம் வந்திருந்தது. சட்டம் வந்ததே தவிர அளக்க ஆள் வரவில்லை. அதற்குள் குடிசை காலியாக இருந்தால் மிராசுதாரின் ஆட்கள் பிரித்துப் போட்டுவிடுவார்கள். அறுவடைக்கு அறுவடை கூலித் தகராறு வேறு. ஒரு ஊரில் விவசாயத் தொழிலாளர் சங்கக் கொடி ஏறினால் பக்கத்து ஊரில் போலீஸ் கேம்ப் இருக்கும்.

என் அப்பா பண்ணையாளாக இருந்தவர். வாழ்நாள் முழுக்க மிராசுதார் வீட்டுக்குக் கொல்லை வழியாக மட்டுமே போனவர். நான் படித்து, அரசாங்க வேலைக்கு வந்து, கும்பகோணம் அலுவலகத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்தேன். இதை ஏன் சொல்கிறேன் என்றால், நான் செய்த தப்பு இங்கிருந்துதான் தொடங்குகிறது.

எங்கள் மேலதிகாரி நல்ல மனிதர். வேலை கற்றுக் கொடுத்தவர். பரோலுக்கு ஒருவன் மனுப் போட்டால் முதலில் எதிரி யார் என்று பார்க்கச் சொல்லுவார். "எதிரி வீட்டுக்கும் இவன் வீட்டுக்கும் எத்தனை தூரம்? ரெண்டு பேரும் ஒரே குளத்துக்கு வரணுமா? நடுவுல திருவிழா வருதா? இதைப் பாத்துட்டா முடிஞ்சுதுப்பா." வெட்டுக்குத்து நடக்கிற ஊர்களில் அது சரியான பாடம்தான். நான் தெருவை அடி போட்டு அளந்து எழுதியிருக்கிறேன். அதனால் சில கொலைகள் நடக்காமல் போயிருக்கும் என்றுகூட நம்புகிறேன்.

குடவாசலுக்குக் கிழக்கே ஒரு ஊர். பெயர் வேண்டாம். அங்கே தங்கையன் என்று ஒருவன். பெண்டாட்டி பேர் சிவபாக்கியம், எல்லாருக்கும் பாக்கியம். பிள்ளை இல்லை. முதல் தடவை அவன் அடித்ததில் அவளுக்குக் கை உடைந்தது. சங்கத்துச் செயலாளர் கொடிமரத்தடியில் வைத்து அவனை மன்னிப்புக் கேட்க வைத்தார். போலீசுக்குப் போகவில்லை. இரண்டாவது தடவை தலையில் அடித்தான். அதற்கும் கொடிமரத்தடியில் மன்னிப்பு. மூன்றாவது தடவை அரிவாளை எடுத்தான். தடுத்ததில் இடது கையில் சுண்டுவிரலும் அதற்கு அடுத்த விரலும் போயின. இந்தத் தடவை ஆஸ்பத்திரியிலிருந்தே தகவல் போய்விட்டதால் வழக்கானது. நாலு வருஷம் தண்டனை. இரண்டு வருஷம் முடிந்ததும், ஐப்பசி மழைக்கு முன்னால் வீட்டுக் கூரை மேய வேண்டும் என்று பதினைந்து நாள் பரோல் கேட்டு மனுப் போட்டான். விசாரிக்க நான் போனேன்.

தங்கையன் ஊருக்குள் சாதாரண ஆள் இல்லை. கூலிப் போராட்டத்தில் லாரிக்கு முன்னால் படுத்தவன். தடியடியில் மற்றவர்கள் ஓடியபோது நின்றவன். குறுவை அறுவடை நெருங்கிக்கொண்டிருந்தது. சங்கத்துக்கு அவன் வேண்டும். மிராசுதாருக்கு அவன் வேண்டாம்.

மிராசுதாரைத்தான் முதலில் பார்த்தேன். வாசலில் என்னைக் கண்டதும் நாற்காலி போடச் சொன்னார். "உக்காருங்க தம்பி" என்றார். ஒரு மிராசுதார் வீட்டில் எங்கள் குடும்பத்தில் முதல் முறையாக நாற்காலியில் உட்கார்ந்தவன் நான். உட்கார்ந்தேனே தவிர முதுகைச் சாய்க்கவில்லை. அவர் நேராக விஷயத்துக்கு வந்தார்.

"அவன விடாதீங்க."

"ஏன்? கூலி கேப்பான்னா?"

"கூலியெல்லாம் எவன் வந்தாலும் கேப்பான், வராட்டாலும் கேப்பான். அதுக்குச் சொல்லல தம்பி. அவன் வந்தான்னா அந்தப் பொண்ணு செத்துரும்."

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"எங்க கொல்லைக்கும் அவங்க தெருவுக்கும் நடுவுல ஒரு வாய்க்கால்தான். அது கத்துனது எனக்குக் கேட்டிருக்கு."

"கேட்டிருக்குல்ல? அப்ப ஏன் போலீஸ்ல சொல்லல?"

அவர் அங்கவஸ்திரத்தை எடுத்துத் தோளில் மாற்றிப் போட்டார். "அவங்க வீட்டு விவகாரத்துல நான் தலையிட்டா வேற மாதிரி பேசுவாங்க" என்றார்.

எனக்குச் சிரிப்பு வந்தது. அவர் எதிரிலேயே சிரித்தேன். ஊரே கேட்கக் கத்தியபோது வாய்க்காலைத் தாண்டாதவருக்கு அறுவடை வந்ததும் அவள்மேல் அக்கறை வந்துவிட்டதா? நோட்டில் அங்கேயே எழுதினேன்: "மிராசுதாரின் ஆட்சேபணை உள்நோக்கம் கொண்டது." எழுதியபோது ரொம்பத் திருப்தியாக இருந்தது. என் அப்பாவுக்காக எழுதுவதுபோல இருந்தது.

அவர் சொன்னது உண்மை. அவர் வாயிலிருந்து வந்ததால் நான் அதைப் பொய் என்று எடுத்துக்கொண்டேன். எனக்குப் பிடிக்காதவன் சொன்னான் என்பதற்காக ஒரு தகவலைத் தூக்கிப் போட்டேன். உங்களிடமும் யாராவது இப்படி வருவார்கள். அவனை வெறுத்துக்கொள்ளுங்கள், பரவாயில்லை. சொன்னதை மட்டும் போய்ச் சரிபாருங்கள்.

பிறகு பாக்கியத்தைக் கேட்க வேண்டும். எங்கே வைத்துக் கேட்டேன் தெரியுமா? அதே கொடிமரத்தடியில். இரண்டு தடவை அவளை அடித்தவன் மன்னிப்புக் கேட்டு அவளைத் திரும்பக் கூட்டிக்கொண்டு போன இடத்தில். எனக்கு ஒரு பெஞ்சு போட்டு டீ வாங்கி வைத்திருந்தார்கள். செயலாளர் இருந்தார். முப்பது வயசுக்குள், வேகமான ஆள், எனக்கு அவரை ரொம்பப் பிடித்திருந்தது. தெருவில் பாதிப் பேர் கூடிவிட்டார்கள். பாக்கியத்தை நாற்றங்காலிலிருந்து ஆள் விட்டுக் கூப்பிட்டார்கள். முழங்கால்வரை சேறோடு வந்து நின்றாள்.

"இவங்க ஆபீசர். ஒன் வீட்டுக்காரர் பரோல்ல வர்றதுக்குக் கேக்க வந்திருக்காங்க" என்றார் செயலாளர். "ஒனக்கு ஒண்ணும் இல்லல்ல? சொல்லு."

"வரட்டுங்க" என்றாள்.

"நீங்களே கேட்டுக்குங்க தோழர்" என்று என்னைப் பார்த்தார்.

"ஏம்மா, வந்தா ஏத்துக்குவியா?" என்றேன்.

"வரட்டுங்க. எத்தன நாளு?"

"பதினஞ்சு நாள்."

"என்னைக்கு வருது?"

கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள். "ரெண்டு வருசமா நாள எண்ணிக்கிட்டு இருந்திருக்கும்டா" என்றது ஒரு குரல்.

"உத்தரவு வந்தாத்தான் தெரியும்மா."

"உத்தரவு என்னைக்கு வரும்? வந்தா எனக்குச் சொல்லுவீங்களா? முன்னாடியே தெரியணுங்க. வர்றதுக்கு ஒரு நா முன்னாடி தெரிஞ்சாக்கூடப் போதும்."

"பாரு, பாரு, கோழி புடிக்கணும்ல!" என்று ஒரு கிழவர் சொல்ல, எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை. என் முகத்தையே பார்த்துக்கொண்டு மறுபடியும் கேட்டாள்.

"எந்த பஸ்ஸுல வரும்னு தெரியுமாங்க? காலைலயா, சாயங்காலமா?"

"தகவல் வரும்மா" என்றேன். "நானே தகவல் அனுப்புறேன்."

கைநாட்டு வைக்க இடது கையை நீட்டினாள். மூன்று விரல்தான் இருந்தது. அந்தக் கட்டை விரலைப் பிடித்து மையில் அழுத்தியவன் நான். மை ஒட்டாததால் சேற்றைத் துடைத்துவிட்டு இரண்டாவது முறை அழுத்தினேன். விரல் போன இடம் என் உள்ளங்கையில் பட்டது. பட்டும் எனக்கு ஒன்றும் உறைக்கவில்லை. எதிரி வீட்டுத் தூரத்தை அளந்து பழகியவனுக்கு, தங்கையனால் ஆபத்துள்ள ஒரே ஆள் அவன் குடிசைக்குள்ளேயே இருக்கிறாள் என்று தோன்றவில்லை.

அன்று பஸ்ஸில் திரும்பும்போதே அறிக்கையை மனசுக்குள் எழுதி முடித்துவிட்டேன். "மனைவிக்கு ஆட்சேபணை இல்லை. கணவர் வரும் நாளை ஆவலுடன் எதிர்பார்க்கிறார்." ஆவலுடன் என்று எழுதினேன். மேலதிகாரி படித்துவிட்டு, "நல்லா எழுதியிருக்கேப்பா, ஜீவன் இருக்கு" என்றார்.

புரட்டாசியில் உத்தரவு வந்தது. நகல் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போகும், கிராம அதிகாரியான பட்டாமணியாருக்குப் போகும், எங்களுக்கு வரும். பெண்டாட்டிக்குப் போகாது. அன்றைக்கு அப்படி, இன்றைக்கும் உங்களில் எத்தனை பேர் அனுப்புகிறீர்கள் என்று எனக்குத் தெரியாது. நகல் என் மேஜைக்கு வந்தபோது இன்னும் ஐந்து நாள் இருந்தது. கும்பகோணத்திலிருந்து குடவாசல் என்ன சீமையிலா இருக்கிறது? பஸ் ஏறினால் மதியச் சாப்பாட்டுக்குத் திரும்பியிருக்கலாம். நினைத்தேன். வேறு இரண்டு விசாரணை இருந்தது. ஒரு தபால் கார்டு எடுத்து, தங்கையன் இந்தத் தேதியில் இந்த நேரத்துக்கு வருவான், அவன் மனைவி சிவபாக்கியத்துக்குத் தெரிவிக்கவும் என்று எழுதி, சங்கச் செயலாளர் பேருக்குப் போட்டேன். அவளுக்குப் படிக்கத் தெரியாது, செயலாளர் படித்துச் சொல்லிவிடுவார். கடமை முடிந்தது என்று நினைத்தேன்.

அவன் ஊருக்கு வந்த மூன்றாவது நாள், ஸ்டேஷனிலிருந்து எங்கள் அலுவலகத்துக்குச் செய்தி வந்தது. விடியற்காலை, வாய்க்கால் கரையில், கூரைக்கு மூங்கில் சீவ வைத்திருந்த அரிவாளால்.

நான் போனபோது பிரேதத்தை எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். குடிசையின் கூரை அப்படியே இருந்தது. ஒரு கீற்றுகூட மாற்றவில்லை. வாசலில் ஒரு அம்மாள் உட்கார்ந்திருந்தாள். காத்தாயி என்று பேர். நடவுக்குப் பெண்களைச் சேர்த்து ஊர் ஊராகக் கூட்டிப் போகிறவள். பாக்கியம் அவளோடுதான் நடவுக்குப் போவாள். என்னைப் பார்த்ததும் எழுந்திருக்கவில்லை.

"நீதானேய்யா அன்னைக்கு மை டப்பா கொண்டாந்தவன்?"

"ஆமாம்மா."

"அவ ஒன்கிட்டத் தேதி கேட்டா. திருப்பித் திருப்பிக் கேட்டா. எதுக்குக் கேட்டான்னு நெனச்ச?"

நான் அந்தக் கூரையைப் பார்த்தேன்.

"கோழி அடிச்சுக் கொழம்பு வைக்கவா? படிச்சவன்தானே நீ? ஓடுறதுக்குய்யா! ஓடுறதுக்குக் கேட்டா!"

பிறகு அவள்தான் சொன்னாள். பாக்கியத்தின் அக்கா வேதாரண்யத்தில் உப்பளத்தில் வேலை பார்க்கிறாள். தங்கையன் வரும் நாளுக்கு முதல் நாள் அங்கே போய்விட வேண்டும், அவன் ஜெயிலுக்குத் திரும்பிய மறுநாள் வந்துவிட வேண்டும். இதுதான் திட்டம். முன்கூட்டியே போய்விட முடியாது. குடிசை காலியாகக் கிடந்தால் மனை போய்விடும். பட்டா வரும்வரை யாரும் குடிசையைக் காலியாக விடக் கூடாது என்று சங்கமே வீடு வீடாகச் சொல்லியிருந்தது. அவன் இருக்கிற பதினைந்து நாளும் குடிசையில் ஆள் இருக்கும், மனைக்கு ஆபத்தில்லை. அந்தப் பதினைந்து நாள் மட்டும் தான் இல்லாமல் இருந்தால் போதும். எழுதப் படிக்கத் தெரியாத பெண் போட்ட கணக்கு. மனையும் இருக்கும், உயிரும் இருக்கும். அதற்கு ஒரே ஒரு தகவல் தேவைப்பட்டது. அதைக் கையில் வைத்திருந்தவனிடம்தான் கேட்டாள். ஊரே கூடி நிற்கும்போது காரணத்தைச் சொல்ல முடியாது. கேள்வியை மட்டும் கேட்டாள். எனக்குக் கொஞ்சம் மூளை இருந்திருந்தால், எழுந்து நாற்றங்கால்வரை அவளோடு நடந்திருப்பேன். போகிற வழியில் சொல்லியிருப்பாள்.

"நான் கார்டு போட்டேம்மா" என்றேன்.

"யாருக்குப் போட்ட?"

"சங்கத்துக்கு."

காத்தாயி சிரித்தாள். அந்தச் சிரிப்பை எனக்கு எழுதத் தெரியவில்லை. "அவ நடவுலேருந்து வர்றப்ப வாசல்ல மாலையோட ஒக்காந்திருக்கான்யா. குடவாசல் பஸ் ஸ்டாண்டுலேருந்து ஊர்வலமாக் கூட்டியாந்திருக்காங்க. சுத்தி அம்பது பேரு, கோஷம் போடுறானுவ. இவ என் கையப் புடிச்சுக்கிட்டா. எங்கூட வந்து படுத்துக்கன்னு இழுத்தேன். இன்னைக்கே கெளம்புனா நல்லாருக்காது, சங்கத்து மானம் போயிடும், ரெண்டு நா இரு, பேசிக்கலாம்னு ஒங்க செயலாளரு சொன்னாரு. ரெண்டு நா இருந்தா. மூணாம் நா மொத பஸ்ஸுக்குக் கெளம்புனா."

செயலாளரை அவர் வீட்டில் பார்த்தேன். அழுதிருந்தார். அது பொய்யில்லை.

"கார்டு வந்துச்சா?"

"வந்துச்சு தோழர்."

"அவகிட்டச் சொன்னீங்களா?"

"யார்கிட்டயும் சொல்லல. கமிட்டில நாலு பேருக்கு மட்டும்தான் தெரியும். என்னைக்கு வர்றான்னு வெளில தெரிஞ்சா பண்ணை ஆளுங்க பஸ் ஸ்டாண்டுலயே மறிச்சிருப்பாங்க. உங்களுக்குத் தெரியாதா நம்ம ஊரு?"

"அவ பேரப் போட்டு எழுதியிருந்தேனே. அவகிட்ட மட்டுமாவது…"

"பொம்பள வாயி நிக்குமா தோழர்?" என்றார்.

என்மேல் விசாரணை வந்தது. மேலதிகாரி என்னைக் கூப்பிட்டு, "பயப்படாதே, உன் ஃபைல் சுத்தமா இருக்கு" என்றார். சுத்தமாகத்தான் இருந்தது. என் விளக்கக் கடிதத்தில், சம்பந்தப்பட்ட மனைவி ஊரார் முன்னிலையில் முழுச் சம்மதம் தெரிவித்துக் கைநாட்டு வைத்திருக்கிறார், தகவலும் அஞ்சலில் அனுப்பப்பட்டது என்று எழுதினேன். கைநாட்டுத் தாளின் நகலை இணைத்தேன். செத்துப்போனவளின் கட்டைவிரலைக் காட்டி என் வேலையைக் காப்பாற்றிக்கொண்டேன். அறிக்கை எழுதியதைவிட இதற்குத்தான் நான் அதிகம் வெட்கப்படுகிறேன். அறிக்கை எழுதியபோது எனக்குத் தெரியாது. விளக்கம் எழுதியபோது எல்லாம் தெரியும்.

மிராசுதாரைப் பிறகு ஒருமுறை குடவாசல் கடைத்தெருவில் பார்த்தேன். "நான்தான் சொன்னேனே தம்பி" என்றார். சொன்னார்தான். சொன்னதோடு சரி. சங்கத்துக்கு எதிராகச் சொல்ல அவருக்கு ஒரு காரணம் வேண்டியிருந்தது, அவள் கிடைத்தாள். ஆனால் நானும் சங்கமும் மட்டும் என்ன யோக்கியம்?

அதற்குப் பிறகு நான் பெண்டாட்டிகளைக் கூட்டத்தில் வைத்துக் கேட்பதில்லை. வயலுக்குப் போவேன், களத்துக்குப் போவேன், ரேஷன் கடை வரிசையில் போய் நிற்பேன். வலங்கைமான் பக்கம் ஒரு பெண், வீட்டில் மாமியார் பக்கத்தில் நின்றபோது "வரட்டும் சார், அவரு இல்லாம வீடே நல்லால்ல" என்றாள். நான் கிளம்பிய பிறகு மாட்டுக்குப் புல் அறுக்கிற சாக்கில் வரப்போரமாக வந்து, "எழுதுனத அடிச்சுருங்க சார், ஒங்க கால்ல விழுறேன்" என்றாள். அடித்துவிட்டு எழுதினேன். எல்லாரும் அப்படி இல்லை. மன்னார்குடிப் பக்கம் ஒருத்தி தனியாகக் கேட்டபோதும் வரட்டும் என்றாள். ஏன் என்று கேட்டதற்கு, "அவனுக்கு ஈரல் போயிருச்சு, இப்ப நான் அடிச்சா அவன் தாங்க மாட்டான்" என்றாள். அவள் சொன்னது உண்மை. அவன் வந்து, படுத்திருந்து, போனான். எவள் எதற்காகச் சொல்கிறாள் என்று உட்கார்ந்த இடத்திலிருந்து தெரியாது. அதற்குத்தான் உங்களுக்குப் பயணப்படி கொடுக்கிறார்கள்.

தேதியை நானே நேரில் போய்ச் சொல்ல ஆரம்பித்தேன். சொன்னதற்கு ஒருமுறை மெமோ வாங்கினேன். கைதியின் வருகை விவரத்தை வெளியாருக்குக் கசியவிட்டேனாம். வெட்டுப்பட்டவள் வெளியாள். நான் பதில் எழுதவில்லை. இரண்டாவது மெமோ வந்தது. அதற்கும் எழுதவில்லை. மூன்றாவது வரவில்லை. மெமோவுக்குப் பயந்து வேலை பார்க்கிறவர்களுக்கு இதைச் சொல்லி வைக்கிறேன்.

தங்கையனுக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. பல வருஷம் கழித்து, தங்கை மகள் கல்யாணத்துக்கு என்று அவன் பரோல் மனு மறுபடி என் மேஜைக்கே வந்தது. படிவத்தில் மனைவியின் கருத்து என்ற இடத்தில் கிளார்க் "பொருந்தாது" என்று நிரப்பியிருந்தார். நான் வேண்டாம் என்று எழுதினேன். மேலே யாரோ சரி என்று எழுதினார்கள். வந்தான், பந்தலில் இலை எடுத்தான், போனான். ஒன்றும் நடக்கவில்லை. பார்த்தீர்களா, நல்லபடியாகத்தானே திரும்பி வந்தான் என்று என்னைக் கேலி செய்தார்கள். நடக்க என்ன இருக்கிறது? கொல்ல ஆள் இல்லை.

இதோடு நிறுத்தியிருப்பேன். ஆனால் இந்த வருஷம் கும்பகோணத்தில் ஒரு மண்டபத்தில் பழைய போராட்டக்காரர்களைப் பாராட்டி ஒரு கூட்டம் நடந்தது. கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தேன். அந்தச் செயலாளர் இப்போது பெரிய மனிதர். வயசானாலும் குரல் குறையவில்லை. பெண் விடுதலையைப் பற்றி நன்றாகவே பேசினார். பிறகு கூலிப் போராட்டத்தில் நின்றவர்களின் பெயர்களை ஒவ்வொன்றாகச் சொன்னார். தங்கையன் பெயரையும் சொன்னார். கைதட்டினார்கள். சிவபாக்கியம் என்று ஒரு பெயரை அவர் சொல்லவில்லை. குடிசையைக் காலியாக விடாதே என்று சங்கம் சொன்னதைக் கேட்டு, உயிருக்குப் பயந்துகொண்டே அந்த மனையைக் காத்தவள் அவள்தான்.

தோழரே, இதை உங்களுக்கும் அனுப்புகிறேன். என் பங்கை மறைக்காமல், என் பிள்ளை வயசுக்காரர்கள் படிக்கிற இடத்தில் எழுதிவிட்டேன். இனி நீங்கள். வீட்டுக்குக் கூப்பிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டு அழ வேண்டாம். எனக்குத் தனியாகக் கடிதமும் வேண்டாம். அதே மண்டபத்தில், அதே மைக்கில் சொல்லுங்கள். அவள் பெயர் எழுதிய கார்டை நாலு ஆண்கள் படித்தீர்கள். நாலு பேரில் ஒருவர்கூட ஏன் அவளிடம் சொல்லவில்லை? மிராசுதாரின் ஆட்களுக்குத் தெரிந்துவிடும் என்று மட்டுமா? இல்லை, தெரிந்தால் அவள் போய்விடுவாள் என்று உங்களுக்கு முன்பே தெரியுமா? மாலை போட்டுக் கூட்டி வருகிறவனுக்கு வீட்டில் பெண்டாட்டி இருக்க வேண்டும் என்று நினைத்தீர்களா?

பதில் சொல்லுங்கள். எல்லாரும் கேட்கச் சொல்லுங்கள்.